அனுபவ பாத்தியம்

காரைச்செவலில் சர்வதேச மகளிர் செம்மண் டென்னிஸ் போட்டி தொடங்கிய திங்கட்கிழமை காலையில், ஆடுகளத்தின் மேற்குக் கோடு தன் இடத்தைவிட்டு ஒரு சாண் மேற்கே போயிருந்தது. ஆணியடித்துப் பதித்திருந்த வெள்ளைப் பட்டை ஆணிகளோடேயே போயிருந்தது, ஓர் ஆணிகூடப் பிடுங்கப்படவில்லை, பட்டையில் கிழிசல் இல்லை, கோட்டுக்கும் சுற்றுச்சுவருக்கும் நடுவே இருந்த இடம் குறையவில்லை, சுவருக்கு அந்தப் பக்கம் ஐயம்பெருமாளின் எள்ளுக்காடு குறையவில்லை, அதற்கும் அப்பால் ரோடும் ஓடையும் ஒரு விரற்கடைகூடக் குறுகவில்லை. எல்லாம் இருந்தது இருந்தபடி இருக்க, பூமியில் ஒரு சாண் மட்டும் கூடியிருந்தது. இதைக் கண்டு பதறியவர் சென்னையிலிருந்து வந்திருந்த நடுவர் ஹேமலதா ஒருவர்தான்.

"கோடு நகர்ந்திருக்குங்க! ஒரு சாண்!" என்று அவர் வாசல் டீக்கடைக்காரரிடம் ஓடிவந்து சொன்னார்.

"ஒரு சாண்தானே மேடம்," என்றார் அவர், டீயை ஆற்றிக்கொண்டே. "எங்க சித்தப்பா ஒரே மழைக்கு மூணடி நகத்துவாரு."

அவர் சொன்னதில் பொய்யில்லை. காரைச்செவலில் நின்ற இடத்தில் நிற்கிற வரப்பு என்று ஒன்று கிடையாது. உழும்போது ஒரு சால் தள்ளி உழுவார்கள், வேலி போடும்போது ஒரு முழம் தள்ளிப் போடுவார்கள், வீடு கட்டும்போது படிக்கட்டைத் தெருவில் இறக்குவார்கள், செத்தவரைப் புதைக்கும்போதுகூடத் தலைமாட்டில் ஓர் அடி கூடுதலாகத் தோண்டிவிட்டு, பாவம் உயரமான மனுஷன் என்று சொல்லிவிட்டு வருவார்கள். இத்தனை நாளும் மனிதர்கள் நிலத்தை நகர்த்தினார்கள். இப்போது நிலம் தானே நகர்ந்திருக்கிறது, ஒருவகையில் ஆள்கூலி மிச்சம் என்றுதான் ஊர் நினைத்தது.

இந்த ஊருக்கு எப்படி சர்வதேசம் வந்தது என்றால், அது கல்வித் தந்தை ரத்தினபாண்டியின் கைங்கரியம். பொறியியல் கல்லூரி கட்டினார், பிள்ளைகள் சேர்ந்தார்கள். பிறகு பிள்ளைகளுக்கு விவரம் தெரிந்து சேர்வதை நிறுத்திவிட்டார்கள். கட்டடம் மட்டும் காற்று வாங்கிக்கொண்டு நின்றபோது, பெயருக்கு முன்னால் 'சர்வதேச' என்று ஒரு சொல் சேர்ந்தால் மறுபடி கூட்டம் வரும் என்று யாரோ அவர் காதில் போட்டார்கள். உலகத்தில் பெண்களுக்கென்று செம்மண்ணில் ஆடும் டென்னிஸ் போட்டிகள் இருக்கின்றன, அதற்குத் தேவை செம்மண் என்று அறிந்தபோது அவர் வாய்விட்டுச் சிரித்தார். காரைச்செவலில் மண்ணைத் தவிர வேறு என்ன இருக்கிறது?

ஆனால் கல்லூரி கட்டியபோதே போட்ட அந்த ஆடுகளம் பாதி அவருடையது இல்லை. அப்படித்தான் ஐயம்பெருமாள் பதினெட்டு வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்தார். கல்லூரி கட்டிய காலத்தில், ஐயம்பெருமாள் திருச்செந்தூருக்குப் போய் மொட்டை போட்டுவிட்டு மூன்றாம் நாள் திரும்பியபோது அவருடைய எல்லைக்கல்லைக் காணோம், எள்ளுக்காட்டின் கிழக்குப் பாதியில் ரோடு ரோலர் நின்றுகொண்டிருந்தது. எல்லைக்கல் இருந்த இடம் இன்று டென்னிஸ் வலைக்குச் சரியாக நேர் கீழே. வலைக்கு மேற்கே முப்பத்தொன்பது அடி நீளமும் தன்னுடையது என்று அவர் வழக்குப் போட்டார். ரத்தினபாண்டியிடம் காகிதம் இருந்தது. ஐயம்பெருமாளிடம் நியாயம் மட்டும் இருந்தது. ஆகவே வக்கீல் அம்பலவாணன் ஒரு யோசனை சொன்னார்.

"காகிதம் யார்ட்ட வேணும்னாலும் இருக்கட்டும் அண்ணாச்சி. நிலத்த அனுபவிக்கது யாருன்னு கோர்ட்டு கேக்கும். அனுபவ பாத்தியம்னு ஒண்ணு இருக்கு. உங்க வீட்டு ஆளு ஒருத்தர் தெனமும் அந்த இடத்துல நிக்கணும். விடாம நிக்கணும்."

ஐயம்பெருமாளின் வீட்டில் நிற்பதற்கு இருந்தது பதினோரு வயது மகள் பிரம்மசக்தி மட்டும்தான். சும்மா நின்றால் காவலாளி விரட்டுவான், பந்து அடித்துக்கொண்டு நின்றால் விரட்டமாட்டான். அப்படித்தான் பிரம்மசக்தி டென்னிஸ் கற்றுக்கொண்டாள். வேறு பெண்கள் ஆசைக்கும் புகழுக்கும் ஆடினார்கள், அவள் சாட்சியத்துக்காக ஆடினாள். கிராமத்துப் பெண்ணுக்கு இலவசப் பயிற்சி என்று ரத்தினபாண்டி அவள் படத்தைக் கல்லூரி விளம்பரத்தில் போட்டார். விஷயம் தெரிந்து அவர் தலையில் கைவைத்தபோது அவள் படம் மூன்று மாவட்டத்துப் பஸ்களின் முதுகில் ஒட்டியிருந்தது, விரட்ட முடியவில்லை. காலையில் அப்பாவும் மகளும் ஒன்றாகக் கிளம்புவார்கள். எங்கே என்று கேட்டால் இருவரும் கோர்ட்டுக்கு என்பார்கள். அவர் பஸ் ஏறி டவுனுக்குப் போவார், அவள் சுவரைச் சுற்றி நடந்து போவாள், இரண்டு கோர்ட்டிலும் அன்றைக்குத் தீர்ப்பு வராது.

டென்னிஸில் ஐயம்பெருமாளுக்குப் பிடிக்காதது ஒன்றுதான். இரண்டு ஆட்டத்துக்கு ஒருமுறை ஆளுக்காள் பக்கம் மாறிக்கொள்வது. "எதிர்க்கட்சிக்காரன் எடத்துல நமக்கு என்ன சோலி?" என்று அவர் வருத்தப்படுவார். ஆகவே மேற்குப் பக்கம் நிற்கும்போது பிரம்மசக்தி வேறு பெண்ணாகிவிடுவாள். எந்தப் பந்தையும் விடமாட்டாள், மூலைக்குப் போனால் மூலைக்கு ஓடுவாள், சறுக்கிக்கொண்டே போய் எடுப்பாள், எதிராளி சலித்துப்போய்த் தானே வலையில் அடித்துக்கொள்ளும்வரை திருப்பித் திருப்பிப் போட்டுக்கொண்டே இருப்பாள். அந்தக் களத்தின் ஒவ்வொரு அங்குலமும் அவள் உள்ளங்காலுக்குத் தெரியும்.

இப்போது அவளுக்கு இருபத்தொன்பது வயது. ரயில்வேயில் விளையாட்டு ஒதுக்கீட்டில் ஒரு வேலை இருந்தது, அதற்கு ஒரே ஒரு சர்வதேசப் பட்டம் வேண்டும், அடுத்த மாதத்தோடு அவள் வயது வரம்பைத் தாண்டுகிறாள். இதை விட்டால் வேறு போட்டி இல்லை, வேறு வேலையும் இல்லை. பட்டம் ஜெயித்தால் ரயில்வே, தோற்றால் எள்ளுக்காட்டில் மிச்சமிருக்கும் பாதி. இது காரைச்செவலில் பால்குடி மாறாத பிள்ளைக்குக்கூடத் தெரிந்திருந்தது.

முக்கியமான வீராங்கனைகளுக்கு 'சீட்' கொடுத்து வரிசைப்படுத்துவார்கள், பிரம்மசக்திக்கு அது இல்லை. ஊர் இதைக் கேள்விப்பட்டுக் கொதித்துப்போனது. "நம்ம பிள்ளைக்கு சீட்டு குடுக்கலயாம்ல, எந்தக் கட்சிக்காரன் தடுத்தான்?" என்று இரண்டு கட்சி ஆபீசிலும் போய்க் கேட்டார்கள். இரண்டு கட்சிக்காரர்களும் மற்றவனைக் கை காட்டினார்கள். சுயேச்சையாகவே ஜெயித்துக் காட்டட்டும் என்று கடைசியில் மனதைத் தேற்றிக்கொண்டு, டென்னிஸ் பார்க்கக் குடையும் முறுக்குமாக வந்து உட்கார்ந்தார்கள்.

செவ்வாய்க்கிழமை கோடு இரண்டாவது சாண் போனது, புதன்கிழமை மூன்றாவது. ஹேமலதா வெளிநாட்டிலிருக்கும் தலைமை அலுவலகத்துக்கு மின்னஞ்சல் அனுப்பினார். ஆடுகளக் கோடு வெள்ளையாக இருக்க வேண்டும் என்று விதியிருக்கிறது, நகரக்கூடாது என்று விதியில்லை; வீராங்கனைகள் இருவரும் பக்கம் மாறி ஆடுவதால் அநியாயம் இருவருக்கும் சமமாகவே நடக்கிறது; ஆகவே போட்டி நியாயமானது, தொடரவும் என்று பதில் வந்தது. ஹேமலதா அதை மூன்று தடவை படித்துவிட்டு மாத்திரை போட்டுக்கொண்டார்.

ஊர் அதற்குள் தனக்கென்று ஒரு பாஷை வைத்துக்கொண்டது. பந்து கோட்டுக்கு உள்ளே விழுந்தால் 'பட்டா' என்று கத்தினார்கள், வெளியே விழுந்தால் 'புறம்போக்கு' என்று கத்தினார்கள். வெளிநாட்டிலிருந்து வந்த பெண்களும் இரண்டே நாளில் கற்றுக்கொண்டு, சந்தேகம் வந்தால் நடுவரைப் பார்த்து "போறம்போக்?" என்று கேட்கத் தொடங்கினார்கள். முதல் சீட் வாங்கியிருந்த ஸ்லாவ்காதான் இந்த நகரும் கோட்டைப் பற்றிக் கொஞ்சமும் அலட்டிக்கொள்ளாதவள். தன் அம்மா பிறந்த வீட்டைவிட்டு நகராமலேயே மூன்று தேசத்தில் குடியிருந்தவள் என்று அவள் ஹேமலதாவிடம் சொன்னாள்.

கூடிய நிலம் யாருக்கு என்ற கேள்வி வியாழக்கிழமை பிறந்தது. மொத்தத்தையும் அளந்தால் அரை சென்ட்டுகூடத் தேறாது, ஆனால் அதற்கு வரைபடம் இல்லை, சொந்தக்காரன் இல்லை, அப்படி ஒரு நிலம் காரைச்செவலின் சரித்திரத்திலேயே வந்ததில்லை. புறம்போக்கு என்று எழுதினால் தங்களுக்குப் பட்டா வேண்டும் என்று இருநூற்றுப் பதினான்கு பேர் மனு எழுதினார்கள். இரண்டு ஜாதிச் சங்கங்கள் சமுதாயக்கூடம் கட்டக் கேட்டன, இரண்டு கட்சிகளும் கொடிக்கம்பத்துக்குக் கேட்டன, ஒருவர் வியாழனன்றே பூமி பூஜை போட்டு வாழைக்கன்று நட்டுவிட்டுப் போக, ஆட்டத்துக்கு நடுவே அதைப் பிடுங்க வேண்டியதாயிற்று. மேற்கே வளரும் பூமி லட்சுமி கடாட்சம் என்று வாஸ்து ஜோசியர் சொன்னார். தன் கோட்டிலிருந்து பிறந்த பிள்ளை தனக்கே சொந்தம் என்று ரத்தினபாண்டி சொன்னார். திங்கட்கிழமை மனுநாளுக்குள் அளந்து அறிக்கை தரும்படி சர்வேயர் குழைக்காதனுக்கு உத்தரவு வந்தது, அவர் ஞாயிற்றுக்கிழமை வருவதாகச் சொன்னார்.

மனுப் போடாதவர் ஐயம்பெருமாள் ஒருவர்தான். "எனக்கு எதுக்கு நாலு சாண்?" என்றார் அவர். "எனக்கு முப்பத்தொம்பது அடி வரணும்."

இதற்கிடையே, யாரும் எதிர்பார்க்காதபடி, பிரம்மசக்தி ஜெயித்துக்கொண்டே வந்தாள். கூடிய அந்தத் துண்டில் விழுந்த பந்தை இதுவரை ஒருத்தியும் விட்டதில்லை. எதற்கு வம்பு என்று எல்லோரும் எடுத்து அடித்துவிட்டார்கள். ஆகவே அது பட்டாவா புறம்போக்கா என்று சொல்ல வேண்டிய அவசியம் ஹேமலதாவுக்கு வரவில்லை, ஞாயிற்றுக்கிழமை வரை.

ஞாயிறு மதியம், ஏழு சாண் வளர்ந்திருந்த களத்தில், ஸ்லாவ்காவும் பிரம்மசக்தியும் இறுதிப் போட்டி ஆடினார்கள். ஆளுக்கொரு செட். மூன்றாவதில் பிரம்மசக்தி ஐந்து, ஸ்லாவ்கா நான்கு. நாற்பதுக்கு முப்பது. இன்னும் ஒரே ஒரு புள்ளி எடுத்தால் பட்டம், ரயில்வே, எல்லாம். பிரம்மசக்தி மேற்குப் பக்கம் நின்றாள். ஐயம்பெருமாள் முதல் வரிசையில் துண்டைக் கையில் சுருட்டிப் பிடித்தபடி இருந்தார். பந்து முப்பது தடவை போய் வந்திருக்கும், பிறகு ஸ்லாவ்கா உயரமாக ஒன்று தூக்கி அடித்தாள், அது பின்னால் பின்னால் போய் அந்த ஏழு சாணுக்குள் விழுந்தது. பிரம்மசக்தி அதை எடுக்கவில்லை. பதினெட்டு வருடம் அந்த இடம் வெளியே இருந்தது, ஒரு வாரமாகத்தான் உள்ளே இருக்கிறது. கண்ணுக்குத் தெரிந்தது காலுக்குத் தெரியவில்லை. ஜெயித்துவிட்டோம் என்று அவள் கைகுலுக்க வலையை நோக்கி நடந்தாள்.

"புறம்போக்கு!" என்று ஊர் எழுந்து கத்தியது.

"பட்டா! பட்டா!" என்று மேடையிலிருந்து ரத்தினபாண்டி ஒற்றை ஆளாகக் கத்தினார்.

ஹேமலதா உயர்ந்த நாற்காலியிலிருந்து இறங்கி வந்தார். செம்மண்ணில் பந்து விழுந்த தடம் முட்டை வடிவத்தில் தெளிவாக இருந்தது. இப்போதைய கோட்டுக்கு உள்ளே, பழைய கோடு இருந்த இடத்துக்கு வெளியே. தலைமை அலுவலகத்துக்குப் போன் செய்தார், ஞாயிறு விடுமுறை என்று ஓர் இயந்திரம் பேசியது. அப்போதுதான் சர்வேயர் குழைக்காதன், சங்கிலியும் மஞ்சள் பையுமாக, தொண்டையைக் கனைத்துக்கொண்டு களத்துக்குள் இறங்கினார். வலையிலிருந்து அளந்தார், சுவரிலிருந்து அளந்தார், அச்சடித்த ஒரு பாரத்தை எடுத்து விரித்தார்.

"பழைய கோட்டுப்படி பாத்தா பந்து வெளிய மேடம்," என்றார்.

"இதை எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுங்க சார், நான் இப்பவே அவுட் சொல்லிடறேன். மேட்ச் முடிஞ்சுது."

"அளக்க எவனும் அளக்கலாம் மேடம். அளந்தது செல்லணும்னா பக்கத்து நெலத்துக்காரர் கையெழுத்து வேணும்." அவர் பாரத்தைப் படித்தார். "மேற்படி கோடும் அதற்குக் கிழக்கே உள்ள இடமும் கல்லூரியைச் சேர்ந்தது என்றும், அதில் எனக்கோ என் வாரிசுகளுக்கோ யாதொரு பாத்தியமும் இல்லை என்றும் சம்மதிக்கிறேன். இப்படிக்கு... ஐயம்பெருமாள் அண்ணாச்சி, வாங்க."

ரத்தினபாண்டிக்குக் கணக்குப் புரிய அரை நிமிஷம்கூட ஆகவில்லை. அரை சென்ட் போனால் போகட்டும், பதினெட்டு வருட வழக்கு ஒரே கையெழுத்தில் முடிகிறது. பட்டா பட்டா என்று கத்திய அதே வாயைத் துடைத்துக்கொண்டு மேடையிலிருந்து இறங்கி ஓடிவந்தார், தன் சட்டைப் பையிலிருந்த பேனாவைத் திறந்து நீட்டினார்.

"புறம்போக்குதான் அண்ணாச்சி, பச்சைப் புறம்போக்கு! நானே பாத்தேன். நம்மளுக்குள்ள ஆயிரம் இருக்கும். பிள்ளை வாழ்க்கை முக்கியம்லா. ஒரு கையெழுத்து போடுங்க."

"போடும் மாமா! பிள்ளைக்காகப் போடும்!" என்று இருநூற்றுப் பதினான்கு பேரும் கத்தினார்கள். அவர்கள் கண்ணில் நிஜமாகவே தண்ணீர் இருந்தது. மனுப் போட்டவர்களின் பாசம் சாதாரணமானதில்லை. பூமி பூஜை போட்டவர் தரையில் விழுந்து கும்பிட்டார். இரண்டு ஜாதிச் சங்கத்தாரும் முதல்முறையாக ஒரே பக்கம் நின்று ஒரே வார்த்தையைச் சொன்னார்கள். காரைச்செவல் இத்தனை ஒற்றுமையாக அதற்கு முன்னும் இருந்ததில்லை, பின்னும் இருந்ததில்லை.

ஐயம்பெருமாள் எழுந்தார். அவர் யார் முகத்தையும் பார்க்கவில்லை, மகளை மட்டும் பார்த்தார். பதினெட்டு வருடமாக ஒரு வாய்தா தவறவிடாத மனிதர், விட்டுக்கொடுக்கச் சொல்லி வந்த சொந்தக்காரர்களோடு பேச்சை முறித்துக்கொண்ட மனிதர், பேனாவை வாங்கிக்கொண்டார். பாரத்தை வைத்து எழுத இடமில்லாமல் குழைக்காதன் தன் முதுகைக் குனிந்து கொடுத்தார். 'ஐ' என்று ஓர் எழுத்து விழுந்துவிட்டது.

வலையருகே நின்ற பிரம்மசக்தி இதைப் பார்த்தாள். பேனா பிடித்த விரலைப் பார்த்தாள், கும்பிட்டுக் கிடந்தவர்களைப் பார்த்தாள், ரத்தினபாண்டியின் முகத்தில் ஒளிந்திருந்த சிரிப்பைப் பார்த்தாள். அவளுக்கு அழுகையும் ஆத்திரமும் ஒன்றாக வந்தது. பிறகு பந்து விழுந்த இடத்துக்கு நடந்து போனாள். செம்மண் ஆட்டத்தில் ஒரு வழக்கம் உண்டு. எதிராளியின் பந்து உள்ளே விழுந்தது என்று தானே ஒப்புக்கொள்கிறவள், நடுவரை எதிர்பார்க்காமல், தடத்தைக் காலால் அழித்துவிடுவாள். அழித்த பிறகு அதைப் பற்றிப் பேச்சே கிடையாது. பிரம்மசக்தி ஷூ நுனியால் ஒரு தேய் தேய்த்தாள். தடம் போய்விட்டது.

"பந்து உள்ளதான் மேடம்," என்றாள். "டியூஸ் சொல்லுங்க."

ஸ்லாவ்கா மட்டையை அக்குளில் இடுக்கிக்கொண்டு கை தட்டினாள், அவள் ஒருத்திதான் தட்டினாள். ஹேமலதா நாற்காலியில் ஏறி உட்கார்ந்து "டியூஸ்" என்றார், ஆளுக்கு நாற்பது என்று ஆட்டம் சமமானது. தடமும் இல்லை, கையெழுத்தும் முழுசாக இல்லை என்று குழைக்காதன் பாரத்தை நான்காக மடித்துப் பையில் வைத்தார். அளவை நிறைவுறவில்லை என்று அவர் எழுதிய ஒற்றை வரியில் இருநூற்றுப் பதினான்கு மனுக்களும் மறுநாளே தள்ளுபடியாயின. தனக்குப் பயனில்லை என்றானபின் அந்தக் கோட்டை யாரும் அளந்து பார்க்கவில்லை, ஆகவே அது நின்றதா இன்னும் போய்க்கொண்டிருக்கிறதா என்று காரைச்செவலில் இன்றைக்கும் யாருக்கும் தெரியாது.

ஆட்டம் இன்னும் முக்கால் மணி நேரம் நடந்தது. பிரம்மசக்தி எல்லாப் பந்துக்கும் ஓடினாள், அந்த ஏழு சாணுக்கும் சேர்த்து ஓடினாள், ஒன்றையும் சும்மா விடவில்லை. ஐந்துக்கு ஏழு என்று தோற்றாள். ஸ்லாவ்கா வலையைத் தாண்டி வந்து அவளைக் கட்டிக்கொண்டாள். கோப்பையைக் கொடுத்துவிட்டு ரத்தினபாண்டி விளையாட்டில் நேர்மை பற்றி அரைமணி நேரம் பேசினார். ஊர்க்காரர்கள் அதற்குள் கலைந்துவிட்டார்கள், கொழுப்பெடுத்த கழுதை, கையில் வந்த வேலையைக் காலால் எத்திவிட்டாள் என்று பேசிக்கொண்டே போனார்கள்.

அப்பாவும் மகளும் சுவரைச் சுற்றி வீட்டுக்கு நடந்தார்கள். அவளுடைய பை அவர் தோளில் தொங்கியது. எள்ளுக்காட்டு ஓரம் வந்ததும் ஐயம்பெருமாள் நின்றார். திருப்பிக் கொடுக்க மறந்த ரத்தினபாண்டியின் பேனா இன்னும் அவர் கையில் இருந்தது.

"நான் போட்டிருப்பேன் தாயி," என்றார். "முழுசா போட்டிருப்பேன்."

"தெரியும்ப்பா," என்றாள் பிரம்மசக்தி. "அதான் அழிச்சேன்."